சொல்லில்லாமல் ஒரு பிரிவு: கண்ணாடியில் வண்ணம் தீட்டி அனிமேஷன் எடுக்க முழுமையான வழிகாட்டி

ஒரு உறவு உடைவதை வசனமே இல்லாத அனிமேஷனாக எடுக்க நினைப்பவர்கள் பெரும்பாலும் முதலில் வரைவது அழுகிற முகத்தைத்தான். அடுத்து சாத்தப்படும் கதவு, அப்புறம் பெட்டி, அப்புறம் மழை. இவற்றில் தவறு எதுவும் இல்லை. ஆனால் பார்ப்பவர் இவற்றை ஏற்கெனவே நூறு தடவை பார்த்துவிட்டார். படம் முடியும்போது யாரோ பிரிந்தார்கள் என்பது தெரியும். அந்த இரண்டு பேருக்கு நடுவே என்ன நடந்தது என்பது தெரியாது.

ஓவிய அனிமேஷனிடம் இதைவிடக் கூர்மையான கருவி இருக்கிறது. அது வண்ணம். ஈர வண்ணம் கலக்கும், இழுபடும், துடைத்தாலும் கறை விட்டுப் போகும். கேமராவுக்குக் கீழே ஒரே கண்ணாடியில் வரைந்து, படமெடுத்து, அதையே கொஞ்சம் அழித்து அடுத்ததை வரைகிற முறையில், முந்தைய ஓவியம் திரும்பக் கிடைக்கவே கிடைக்காது. பிரிவைச் சொல்ல இதைவிடப் பொருத்தமான முறை எனக்குத் தெரிந்து இல்லை. ஒன்றரை நிமிடப் படம் ஒன்றை இந்த முறையில் முதலிலிருந்து கடைசி வரை எப்படி எடுப்பது என்று பார்ப்போம். டிஜிட்டலில் செய்பவர்களுக்கும் இதில் முக்கால்வாசி பொருந்தும்.

1. எந்த உடைவு என்று முடிவு செய்யுங்கள்

'பிரிவு' என்பது கதை அல்ல, தலைப்பு. ஒருவர் விலகுகிறார், மற்றவர் கவனிக்கவில்லை என்பது ஒரு கதை. இருவரும் விலகியும் ஒரே வீட்டில் இருக்கிறார்கள் என்பது இன்னொன்று. ஒருவர் வளர்ந்துகொண்டே போக மற்றவர் சுருங்குவது மூன்றாவது. உங்களுடையதை ஒரே வாக்கியத்தில் எழுதுங்கள். அதில் 'வருத்தம்', 'வலி' போன்ற உணர்ச்சிப் பெயர்கள் வரக்கூடாது, வினைகள் மட்டுமே வரலாம். உணர்ச்சிப் பெயரை யாராலும் வரைய முடியாது, வினையை வரையலாம்.

அடுத்து ஓர் இடம், ஒரு பொருள், மூன்று தடவை திரும்ப வரும் ஒரு செயல். இது போதும். இந்த வழிகாட்டி முழுவதும் ஒரே உதாரணத்தை வைத்துக்கொள்கிறேன்: ஒரு படுக்கை, ஒரே போர்வை, அதற்குள் இரண்டு பேர். ஒவ்வோர் இரவும் ஒருவர் புரண்டு படுக்கிறார், மற்றவர் அதற்கு ஏற்ப நகர்கிறார். நாளாக ஆக நடுவில் போர்வையின் மடிப்பு உயர்கிறது. கடைசியில் அது மலைத்தொடர் ஆகிறது. ஒருவர் எழுந்து அதன் மேல் நடந்து போகிறார். இவ்வளவுதான் கதை.

இருவருக்கும் பெயர் வேண்டாம், முன்கதை வேண்டாம். நம் பழைய அகப்பாடல்களிலும் தலைவன், தலைவி, தோழி என்றுதான் வருவார்கள், யாருக்கும் பெயர் கிடையாது. மனதில் இருப்பதை வெயிலும் மணலும் அலையும் சொல்லிவிடும். போர்வை மலையாவதும் அந்த வழிதான். சூழலையே மனதாக்கும் இந்தப் பழக்கம் தமிழ் வாசகருக்குப் புதிதில்லை. அதைத் தைரியமாகப் பயன்படுத்துங்கள்.

2. கணக்கைப் போட்டுவிடுங்கள்

சினிமா நொடிக்கு 24 ஃப்ரேம் ஓடுகிறது. ஒவ்வொரு ஓவியத்தையும் இரண்டு ஃப்ரேம் நிறுத்தினால் நொடிக்கு 12 ஓவியம், மூன்று ஃப்ரேம் நிறுத்தினால் 8. ஓவிய அனிமேஷனுக்கு 8 நன்றாகவே பொருந்தும், ஏனென்றால் தூரிகைத் தடங்கள் ஓவியத்துக்கு ஓவியம் மாறிக்கொண்டே இருப்பதால் அசையாத இடத்திலும் உயிர் தெரியும். வேகமான அசைவுக்கு மட்டும் 12-க்குப் போங்கள்.

90 நொடிக்கு நொடிக்கு 8 வீதம் 720 ஓவியங்கள். அதில் 18 நொடி அசைவற்ற தருணங்கள் என்று வைத்தால் 576. ஓர் ஓவியத்துக்கு ஐந்து நிமிடம் என்றால் 48 மணி நேரம். தினம் நான்கு மணி நேரம் உட்கார்ந்தால் 12 நாள் வேலை. ஆரம்பிப்பவர்கள் ஒன்றரை நிமிடத்தைத் தாண்ட வேண்டாம் என்று சொல்வதற்கு இந்தக் கணக்குதான் காரணம். ரஷ்யாவின் அலெக்சாந்தர் பெத்ரோவ், ஹெமிங்வேயின் கிழவனும் கடலும் கதையைக் கண்ணாடியில் எண்ணெய் வண்ணத்தால் 1999-இல் சுமார் 20 நிமிடப் படமாக எடுத்தார். அதற்கு 29,000-க்கும் மேற்பட்ட ஓவியங்கள் தேவைப்பட்டன. இரண்டு ஆண்டுகளுக்கு மேல் ஆயிற்று. தூரிகையைவிட விரல் நுனியைத்தான் அவர் அதிகம் பயன்படுத்தினார். 2000-இல் அந்தப் படத்துக்கு ஆஸ்கர் கிடைத்தது.

3. இரண்டு வண்ணம் போதும்

ஒருவருக்கு அல்ட்ராமரீன் நீலம், மற்றவருக்கு பர்ன்ட் சியன்னா. பின்னது கருகிய ஆரஞ்சு போன்ற பழுப்பு. நீலமும் ஆரஞ்சும் எதிர் வண்ணங்கள். பக்கத்தில் பக்கத்தில் வைத்தால் ஒன்றையொன்று தூக்கிக் காட்டும். பிரெஞ்சு வேதியியலாளர் மிஷெல் யூஜின் ஷெவ்ரோல் 1839-இல் வெளியிட்ட நூலில் இதைத்தான் விரிவாக விளக்கினார். ஆனால் அதே இரண்டையும் கலந்தால் சாம்பல் நிறம் வரும். பக்கத்தில் இருந்தால் ஒளிர்கிறார்கள், ஒன்றில் ஒன்று கரைந்தால் மங்குகிறார்கள். வசனகர்த்தா யாரும் தேவையில்லை.

முதல் இரவில் இரு வண்ணமும் ஒட்டி நிற்கட்டும், கலக்க வேண்டாம். இரண்டாம் இரவில் விளிம்புகள் கலந்து சாம்பல் கோடு தோன்றட்டும். அந்தச் சாம்பலிலிருந்தே போர்வை மடிப்பை எழுப்புங்கள். மலை இருவரின் வண்ணத்தாலும் ஆனது என்பதைப் பார்ப்பவர் உணர்ந்தால் போதும், புரிந்துகொள்ள வேண்டிய அவசியமில்லை.

வேலை தொடங்குமுன் தபால் அட்டை அளவில் ஆறேழு சிறு ஓவியங்களாக முழுப் படத்தின் வண்ண ஓட்டத்தையும் ஒரே தாளில் தீட்டி, சுவரில் ஒட்டிவிடுங்கள். இரண்டாவது வாரத்தில் மூளை மரத்துப்போகும்போது அந்தத் தாள்தான் வழி காட்டும்.

4. பதிலுக்கு எடுக்கும் நேரம்

இந்தப் பகுதியை மட்டும் நிதானமாகப் படியுங்கள். வசனமில்லாத படத்தில் உறவு இருப்பது முகங்களில் அல்ல. ஒருவர் செய்வதற்கும் மற்றவர் பதில் தருவதற்கும் நடுவில் உள்ள நேரத்தில். பேச்சு நின்றுபோன வீட்டில் வாழ்ந்தவர் யாருக்கும் இது தெரியும்: கேள்விக்குப் பதில் வரும், ஆனால் கொஞ்சம் தாமதமாக வரும்.

அனிமேஷனில் அந்தத் தாமதத்தை எண்ணி வைக்கலாம். முதல் இரவில் நீலம் புரண்டால் இரண்டே ஓவியத்தில், அதாவது கால் நொடியில், பழுப்பு நகரட்டும். இரண்டாம் இரவில் எட்டு ஓவியம், ஒரு முழு நொடி. மூன்றாம் இரவில் இருபது ஓவியம், இரண்டரை நொடி; நகர்வதும் பாதியில் நிற்கட்டும். அதற்கு அடுத்த தடவை பழுப்பு நகரவே வேண்டாம். மூன்று தடவை பதில் வந்ததால் நான்காவதற்கும் பார்ப்பவர் காத்திருப்பார். அந்தக் காத்திருப்புதான் உங்கள் படத்தின் உச்சக்கட்டம். அங்கே இசையைக் கொட்டிவிடாதீர்கள்.

நேரத்தோடு திசையும் அளவும் சேரும். உடல்கள் எந்தப் பக்கம் பார்க்கின்றன, திரையில் யார் எவ்வளவு இடம் பிடிக்கிறார், இருவருக்கும் நடுவே எத்தனை விரற்கடை இடைவெளி என்பதை ஒவ்வோர் இரவுக்கும் குறித்துக்கொள்ளுங்கள். முகத்தில் கண், வாய் வரையாமல் விட்டாலே நல்லது. சிறிய கண்ணாடியில் ஈர வண்ணத்தால் முகபாவத்தை நிலையாகக் கொண்டுபோவது கஷ்டம், அதோடு தோளும் முதுகும் பொய் சொல்லாது.

5. ஸ்டோரிபோர்டு, அனிமேட்டிக்

ஸ்டோரிபோர்டு என்பது படத்தின் காட்சிகளை வரிசையாகக் கட்டங்களில் வரைந்து வைப்பது. பென்சிலில் இருபது, முப்பது கட்டங்கள் போதும். அவற்றைப் போனில் படமெடுத்து, எடிட்டிங் மென்பொருளில் அதனதன் நேரத்துக்கு அடுக்கினால் அனிமேட்டிக் தயார். தற்காலிக ஒலியாக உங்கள் மூச்சையே பதிந்து போடுங்கள்.

இதை விஷயம் தெரியாத ஒருவரிடம் காட்டுங்கள். 'புரிந்ததா' என்று கேட்காதீர்கள், மரியாதைக்குப் 'புரிந்தது' என்பார்கள். 'என்ன நடந்தது, சொல்லுங்கள்' என்று கேளுங்கள். உங்கள் கதையையே அவர் சொல்ல வேண்டும் என்பதில்லை. யார் முதலில் விலகினார் என்ற கேள்விக்கு அவரிடம் ஏதாவது ஒரு பதில் இருந்தால் படம் வேலை செய்கிறது. கண்ணாடியில் வண்ணம் வைத்த பிறகு திருத்துவது நடக்காத காரியம், அதனால் அனிமேட்டிக்கை எத்தனை தடவை மாற்றினாலும் லாபம்தான்.

6. மேசை, கண்ணாடி, விளக்கு, கேமரா

5 அல்லது 6 மி.மீ. கனமுள்ள கண்ணாடி, ஓரம் மழுங்கத் தேய்த்தது. ஏ3 அளவு வசதி. அதை இரண்டு கட்டைகளின் மேல் அசையாமல் பொருத்தி, கீழே பால் நிற அக்ரிலிக் தகடும் அதற்குக் கீழே எல்இடி விளக்கும் வையுங்கள். வெளிச்சம் கீழிருந்து வருவதால் மெல்லிய வண்ணம் ஒளிரும், தடித்த வண்ணம் இருளும். ஆகவே வெளிச்சத்தை வரைய வேண்டுமானால் வண்ணத்தைத் துடைக்க வேண்டும். ஓரிரு நாளில் கை பழகிவிடும்.

ஒரு எச்சரிக்கை: டைட்டானியம் வெள்ளை ஒளி புகாதது. கீழ் வெளிச்சத்தில் அது வெள்ளையாகத் தெரியாது, அழுக்குச் சாம்பலாகத் தெரியும். காட்மியம் வண்ணங்களும் ஒளியை மறைக்கும். அல்ட்ராமரீனும் பர்ன்ட் சியன்னாவும் ஒளி ஊடுருவ விடும் என்பதும் அந்த ஜோடியைத் தேர்ந்தெடுக்க இன்னொரு காரணம்.

மேலிருந்து ஒளி தருவதாக இருந்தால் இரு பக்கமும் 45 டிகிரியில் விளக்கு வையுங்கள். கண்ணாடியில் பளபளப்பு விழுந்தால் விளக்குக்கும் லென்ஸுக்கும் போலரைசிங் ஃபில்டர் (எதிரொளியைக் குறைக்கும் வடிகட்டி) போட்டு, லென்ஸில் உள்ளதைத் திருப்பிப் பாருங்கள்.

கேமரா கண்ணாடிக்கு நேர் மேலே, கீழ்நோக்கி நிற்க வேண்டும். ஃபோகஸ், எக்ஸ்போஷர், ஐஎஸ்ஓ, வைட் பேலன்ஸ் எல்லாமே மேனுவல். ஒன்றை ஆட்டோவில் விட்டாலும் படம் முழுக்க மினுங்கும். அபெர்ச்சரை, அதாவது ஒளி நுழையும் துவாரத்தை, கேமரா தானே திறந்து மூடும் லென்ஸில், ஒவ்வொரு தடவையும் மிகச் சிறிய வித்தியாசம் வரும். கையால் அபெர்ச்சர் வளையம் திருப்பும் பழைய லென்ஸ் இருந்தால் அந்தத் தொல்லை இல்லை. பேட்டரிக்குப் பதிலாக மின் இணைப்பு அடாப்டர் போடுங்கள், நடுவில் கேமராவைத் தொடவே கூடாது. ஜன்னலை முழுக்க மூடுங்கள். வெள்ளைச் சட்டை போட்டுக்கொண்டு உட்காராதீர்கள், அதுவும் கண்ணாடியில் எதிரொளிக்கும்.

படமெடுக்க டிராகன்ஃப்ரேம் போன்ற ஸ்டாப் மோஷன் மென்பொருள் வேண்டும். முந்தைய ஓவியத்தைப் புகைபோல மேலே காட்டும் வசதி அதில் இருக்கிறது. டிஜிட்டலில் வரைபவர்களுக்கு கிரிட்டா என்ற ஓவிய மென்பொருள் இலவசமாகக் கிடைக்கிறது, அனிமேஷன் டைம்லைனும் உண்டு. ஆனால் லேயர்களைக் கட்டுப்படுத்துங்கள். ஒரே லேயரில், முந்தைய ஃப்ரேமை நகலெடுத்து அதன் மேலேயே அழித்து வரைந்தால்தான் நான் அடுத்துச் சொல்லப்போகும் தடம் கிடைக்கும்.

7. எந்த வண்ணம், எப்படிக் காயாமல் வைப்பது

எண்ணெய் வண்ணம் மெல்லக் காயும், அதுதான் அதன் வசதி. சில துளி கிராம்பு எண்ணெய் சேர்த்தால் இன்னும் தாமதமாகக் காயும். எண்ணெயின் வாடை பிடிக்காதவர்கள் கௌவாஷில் (தண்ணீரில் கரையும் ஒரு வகை வண்ணம்) சில துளி கிளிசரின் கலந்துகொள்ளலாம். கனடாவின் தேசியத் திரைப்பட வாரியத்தில் பணியாற்றிய கேரோலைன் லீஃப் 1976-லேயே கண்ணாடி மேல் வண்ணம் தீட்டி ஒரு முழுக் குறும்படம் எடுத்திருக்கிறார். ஒரு காட்சி இன்னொன்றாக உருகி மாறுவதில் அவர் கைதேர்ந்தவர்.

எண்ணெய் வண்ணத்தைக் கரைக்கும் டர்பன்டைன் பயன்படுத்தினால் காற்றோட்டம் கட்டாயம். எண்ணெய் வண்ணத்தில் உள்ள லின்சீட் (ஆளி விதை) எண்ணெய் ஊறிய துணியைக் குவித்து வைத்தால் தானாகவே சூடேறித் தீப்பிடிக்கலாம். தண்ணீர் ஊற்றிய மூடியுள்ள உலோக டப்பாவில் போடுங்கள். மிகைப்படுத்திச் சொல்லவில்லை.

8. துடைப்பதா, தடம் விடுவதா

முக்கியமான நிலைகளை ஒரு தாளில் வரைந்து கண்ணாடிக்கு அடியில் வையுங்கள். படமெடுக்கும் முன் உருவிவிட வேண்டும். அசைவு என்பது இரண்டே வேலை: உடல் போகிற பக்கம் வண்ணம் சேர்ப்பது, விட்டு வந்த பக்கம் துடைப்பது. பருத்திக் குச்சி, ரப்பர் முனை, வண்ணம் கலக்கும் தட்டைக் கத்தி, கையுறை போட்ட விரல் என எதுவும் கருவிதான்.

விட்டு வந்த பக்கத்தை எவ்வளவு சுத்தமாகத் துடைப்பது என்பதில்தான் இந்தப் படத்தின் பொருளே இருக்கிறது. தொழில்முறை ஆட்கள் சிலர் தடமே இல்லாமல் துடைப்பதைத் திறமை என்பார்கள். இந்தக் கதைக்கு அது பாதி உண்மை. முதல் இரவில் அப்படியே செய்யுங்கள்: டர்பன்டைனில் (கௌவாஷ் என்றால் தண்ணீரில்) நனைத்த துணி, அப்புறம் உலர்ந்த துணி, கண்ணாடி பளிச்சென்று இருக்கட்டும். அங்கே யாரும் எதையும் விட்டுப்போகவில்லை. இரண்டாம் இரவில் உலர்ந்த குச்சியால் மட்டும் துடையுங்கள். மங்கலான நிழல் பின்தங்கும். மூன்றாம் இரவில் விரலால் இழுத்து விடுங்கள். அதன் பிறகு துடைக்கவே வேண்டாம். கடைசியில் நீலம் எழுந்து மலையின் மேல் நடக்கும்போது, அது படுத்திருந்த இடத்தில் மூன்று இரவுகளின் படிவும் கிடக்கும். ஒரே கண்ணாடியில் வேலை செய்ததால் அது உண்மையான படிவு. அதைத் தனியாக வரைந்து சேர்த்தால் பொய்யாகத் தெரியும். பார்ப்பவர்களுக்குக் காரணம் சொல்லத் தெரியாது, ஆனால் தெரிந்துவிடும்.

அதனால் இரவுகளைக் கதை வரிசையிலேயே படமாக்குங்கள். எளிதான காட்சியை முதலில் முடித்துவிடலாம் என்ற ஆசை வரும், விடுங்கள்.

மடிப்பு மலையாகும் மாற்றத்துக்கு மூன்று நொடி, 24 ஓவியம் ஒதுக்குங்கள். அடியில் ஐந்து நிலைகளை வரைந்து வைத்துக்கொண்டால் போதும், நடுவில் உள்ளதைக் கை தேடிக்கொள்ளும். பாதி வழியில் அது மடிப்பும் இல்லை மலையும் இல்லை என்ற நிலை வரும். அவசரப்பட்டுத் தெளிவாக்காதீர்கள், அங்கே கூடுதலாக இரண்டு மூன்று ஓவியம் தங்குங்கள்.

அசைவற்ற தருணத்தில் ஒரே படத்தை நிறுத்தினால் செத்துப்போகும். அந்த இடத்தில் வண்ணத்தை லேசாக மட்டும் தொட்டு மூன்று படம் எடுத்துக்கொள்ளுங்கள். எடிட்டிங்கில் அவற்றை ஒழுங்கில்லாமல் மாற்றி மாற்றிப் போட்டால் மூச்சு இருக்கும்.

கை தவறினால் திரும்பிப் போக வழியில்லை. எடுத்த படத்தை நீக்கலாம், ஓவியத்தை மீட்க முடியாது. தவறு விழுந்த இடத்திலிருந்தே அடுத்த அசைவைத் தொடருங்கள், பெரும்பாலும் யாரும் கவனிக்க மாட்டார்கள். அன்றைய வேலையை அசைவின் நடுவில் நிறுத்தாமல் அசைவற்ற தருணத்தில் நிறுத்துங்கள். இரவோடு இரவாக வண்ணத்தில் வரும் மாற்றம் அங்கே மறைந்துவிடும். ஒவ்வொரு நாளும் கோப்புகளை இன்னொரு டிஸ்கில் நகலெடுத்துவிடுங்கள். இந்த முறையில் அசல் என்று வேறெதுவும் மிஞ்சாது.

9. ஒலி

சோகப் பியானோ வேண்டாம். இரண்டு பேர் மூச்சு, துணி உரசும் ஓசை, அறையின் வெறும் சத்தம். இவை மூன்றையும் போனிலேயே பதியலாம், மைக்கைப் போர்வைக்குள் கொண்டுபோனால் இன்னும் நல்லது. முதல் இரவில் இரண்டு மூச்சும் ஒன்றாக ஏறி இறங்கட்டும். அப்புறம் மெல்ல மெல்லத் தாளம் பிரியட்டும். மலை எழும்போது துணி ஓசையைத் தாழ்த்தி நீட்டினால் காற்று போலவே கேட்கும், தனியாகக் காற்றைத் தேட வேண்டாம்.

முழு நிசப்தம் போட நினைத்தால் அங்கேயும் அறையின் சத்தத்தை மிக மெல்லிதாக விட்டு வையுங்கள். ஒலியே இல்லாவிட்டால் ஸ்பீக்கர் போய்விட்டது என்று நினைப்பார்கள்.

10. முடிப்பது, அனுப்புவது

எடிட்டிங்கில் 24 ஃப்ரேம் டைம்லைன் திறந்து ஒவ்வொரு படத்தையும் மூன்று ஃப்ரேம் வையுங்கள். வெளிச்சம் ஏறி இறங்கினால் அந்த மினுக்கத்தைக் குறைக்கும் டிஃப்ளிக்கர் வசதியைப் போடலாம், ஆனால் அளவாக; அதிகமானால் தூரிகைத் தடத்தின் துடிப்பும் சேர்ந்து போய்விடும். வண்ணத் திருத்தத்தில் சாம்பலை அழகாக்கிவிடாதீர்கள், அது மங்கலாகவே இருக்கட்டும்.

முடிவு பற்றி ஒரு கருத்து. நடந்துபோனவர் திரும்பிப் பார்க்கும் காட்சியை வைக்க எல்லோருக்கும் கை அரிக்கும். வைக்காதீர்கள். திரும்பிப் பார்த்தால் கதை அவர் வருத்தத்தைப் பற்றியதாகிவிடும், நடுவில் எழுந்த மலை மறந்துபோகும். படுத்திருப்பவர் போர்வையை முழுவதுமாகத் தன் பக்கம் இழுத்துக்கொள்வது போன்ற ஒரு சின்ன, கொஞ்சம் அசிங்கமான செயல் அதைவிட நேர்மையானது.

தலைப்பு கதையைச் சொல்லிவிடக்கூடாது. 'பிரிவு', 'விலகல்' எல்லாம் வேண்டாம், 'போர்வை' போதும். சொல்லே இல்லாததால் சப்டைட்டில் செலவு கிடையாது, எந்த நாட்டு விழாவுக்கும் அப்படியே அனுப்பலாம். பிரான்சின் ஆன்சியில் 1960 முதலும், குரோஷியாவின் ஜாக்ரெப்பில் 1972 முதலும், கனடாவின் ஒட்டாவாவில் 1976 முதலும் அனிமேஷனுக்கென்றே விழாக்கள் நடக்கின்றன. இணையத்தில் ஏற்கெனவே வெளியான படத்தை ஏற்காத விழாக்களும் உண்டு, ஆகவே அனுப்ப நினைக்கும் விழாவின் விதிகளைப் படித்துவிட்டு அப்புறம் யூடியூபில் ஏற்றுங்கள். கண்ணாடியைக் கழுவுவதற்கு முன் கடைசி ஓவியத்தை ஒரு படம் எடுத்து வைத்துக்கொள்ளுங்கள், போஸ்டருக்கு உதவும்.